பெரியக்காவைப் பெற்றவர்

நாகராசு எழுதிய தபால் கார்டை மூன்றாவது தடவையாகப் படித்துக்கொண்டிருந்த செவந்தியைச் சென்ற வாரம் திருச்சியில், வானொலி நிலையத்து வாசலில் நிற்க வைத்துவிட்டு வந்தோம். கார்டில் இருந்தது இரண்டே வரி. 'அப்பா வியாழக்கிழமை ஆலங்குடிக்கு வருகிறார். உன்னைப் பார்க்க.' இரண்டு வரியைப் படிக்க மூன்று தடவை எதற்கு என்று கேட்பவர்கள், பெற்ற அப்பனோடு பதினொரு வருடம் பேச்சுவார்த்தை இல்லாமல் இருந்து பார்க்க வேண்டும்.

இந்த வாரம்தான் நம்மோடு சேர்ந்துகொண்டவர்களுக்கு ஒரு வார்த்தை. செவந்தி அரிமளத்துக்காரி. பத்தொன்பது வயதில் புருஷனைப் பறிகொடுத்துவிட்டுப் பிறந்த வீட்டுக்குத் திரும்பியவள். மூலையில் உட்கார்ந்து சோறு தின்ன மாட்டேன், மேலே படிக்கிறேன் என்று 1953-ல் திருச்சிக்கு பஸ் ஏறினாள். "போனா போனதுதான்" என்றார் அப்பா மலையாண்டி. சொன்ன சொல்லைக் காப்பாற்றுவதில் அந்த மனிதரை மிஞ்ச ஆள் கிடையாது. தாய் செத்துப்போய் செவந்தி ஓடி வந்தபோதுகூட அவர் வா என்று சொல்லவில்லை. மூன்று நாள் அவள் கையால் பொங்கிய சோற்றைத் தொடவும் இல்லை.

இப்போது 1964. செவந்திக்கு வானொலியில் வேலை. வியாழன் தோறும் சாயங்காலம் ஐந்தரைக்கு வருகிற 'முற்றத்துப் பேச்சு' அவள் நடத்துகிற நிகழ்ச்சி. நாலு பெண்கள் அரை மணி நேரம் உட்கார்ந்து பேசுவார்கள். முன்னாலேயே பேச வைத்துப் பதிந்து, பிழை திருத்தி, அப்புறம் போடுகிற கதை இல்லை. சிவப்பு விளக்கு எரிந்துவிட்டால் வாயிலிருந்து வந்தது வந்ததுதான். எதைப் பற்றிப் பேசுவது, யாரைக் கூப்பிடுவது, யாரை யார் பக்கத்தில் உட்கார வைப்பது, எப்போது ஆரம்பிப்பது, எப்போது நிறுத்துவது எல்லாம் செவந்தி. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று கையை அசைப்பாள். அவசரத்துக்கு சிலேட்டில் எழுதிக் காட்டுவாள். அந்த அரை மணியில் வாயைத் திறக்காத ஒரே பெண்பிள்ளை அவள்தான்.

பேச்சை நடத்திப் போகிற குரல் 'பெரியக்கா'வின் குரல். அந்தக் குரலுக்குச் சொந்தக்காரி உண்ணாமலை, பழைய நாடகக்காரி. தேனும் கொஞ்சம் கரகரப்பும் சேர்ந்த குரல். ஊருக்கெல்லாம் பெரியக்காவான அவள், செவந்தியை அக்கா என்றுதான் கூப்பிடுவாள். நிகழ்ச்சியில் யார் பேரையும் சொல்கிற வழக்கமில்லை. இது ஒரு சின்ன விஷயம் என்றுதான் ஆறு வருடமாக எல்லோரும் நினைத்திருந்தார்கள்.

இந்த வியாழன் நிகழ்ச்சி நிலையத்தில் இல்லை. ஆலங்குடி யூனியன் ஆபீசுக்குப் பின்னால் கண்காட்சிப் பந்தல். அங்கிருந்து டெலிபோன் லைன் வழியாகத் திருச்சிக்குப் போய், அங்கிருந்து ஊரெல்லாம் கேட்க ஏற்பாடு. மேடை போட்டு, மைக் வைத்து, சனங்கள் முன்னாலேயே பேசுவதென்று திட்டம். காலை எட்டு மணிக்கே செவந்தி வந்து இறங்கிவிட்டாள். முந்திரிப் பழ வாசனை ஊரைத் தூக்கிக்கொண்டிருந்தது.

மத்தியானம், பேசப் போகிறவர்களில் ஒருத்தியான கண்ணாத்தாளை உட்கார வைத்துப் பழக்கிக்கொண்டிருந்தாள். கண்ணாத்தாள் பஸ் ஸ்டாண்டில் இட்லிக் கடை வைத்திருப்பவள். வாய்க்குப் பஞ்சமில்லை. ஆனால் கைக்குப் பன்னிரண்டு கண்ணாடி வளையல். கை அசைந்தால் மைக்கில் கடகடவென்று வண்டி போகும்.

"வளையலைக் கழட்டணுமா? எங்க வீட்டுக்காரக கல்லுக்குண்டாட்டம் இருக்கையில நான் எதுக்குங்க கழட்டணும்?"

"கழட்ட வேணாம்மா. யாரையும் கழட்டச் சொல்றதில்ல. துணி சுத்தி விடுறேன், சத்தம் வராது."

செவந்தியின் பையில் எப்போதும் கிழித்த வேட்டித் துண்டு இருக்கும். வளையல்களைச் சேர்த்துப் பிடித்துச் சுற்றி முடிச்சுப் போட்டாள். கண்ணாத்தாள் அவளுடைய வெறும் மணிக்கட்டைப் பார்த்துவிட்டாள். பார்த்ததும் முகம் சுருங்கிப் போயிற்று.

"தப்பா எடுத்துக்காதீங்க தாயி."

"இதுல என்னம்மா இருக்கு. மைக்குகிட்ட ரொம்பக் குனியாதீங்க, அது போதும்" என்றாள் செவந்தி.

வாரம் நாலு பெண்களுக்கு இப்படிச் சுற்றி விடுகிறாள். ஆறு வருடத்தில் எத்தனை கை. அவரவர் வீட்டுக் கதையை அவள் முன்னால் கொட்டிவிட்டு, வாய் நிறையச் சிரித்துவிட்டு, பஸ் ஏறிப் போய்விடுவார்கள். வெள்ளிக்கிழமை காலையில் அவளோடு பேச திருச்சியில் பால்காரரைத் தவிர ஆள் கிடையாது.

இரண்டு மணிக்கு நாகராசு வந்தான். தம்பி. வேர்த்து விறுவிறுத்து, சைக்கிளைப் பந்தல் காலில் சாய்த்துவிட்டு நின்றான்.

"அப்பா எங்கடா?"

"ரெங்கசாமி மாமா கடையில உக்கார வச்சிருக்கேன். நாலு மணிக்குக் கூட்டியாறேன். அதுக்கு முன்னாடி ஒங்கிட்ட ஒண்ணு சொல்லணும்க்கா. கோவிச்சுக்காத."

"சொல்லு."

"அப்பா நீதான் பெரியக்கான்னு நெனச்சுக்கிட்டு இருக்காரு."

செவந்திக்கு முதலில் புரியவில்லை. அவன் தரையைப் பார்த்துக்கொண்டே சொல்லி முடித்தான். 'என் நிகழ்ச்சி இனி வியாழன் தோறும் வருகிறது' என்று ஆறு வருடத்துக்கு முன் அவள் எழுதிய கடிதத்தை அவன்தான் வாசித்துக் காட்டினான். அந்த வியாழக்கிழமையே மலையாண்டி பஞ்சாயத்து ரேடியோ முன்னால் போய் உட்கார்ந்துவிட்டார். குரல் வந்தது. பக்கத்தில் இருந்தவர்கள், இது செவந்தி குரலாட்டம் இல்லையே என்றார்கள். மிசினுக்குள்ள போயி வந்தா அப்பிடித்தான் மாறும், பெத்தவனுக்குத் தெரியாதா என்று அடக்கிவிட்டார் மலையாண்டி.

"நீதான் நிலையத்துக்கு வந்து பாத்தியேடா. யாரு பேசுறா, நான் எங்க நிக்கிறேன்னு ஒனக்குத் தெரியுமே. ஏன் சொல்லல?"

"எப்பிடிக்கா சொல்றது? ஆத்தா போனதுக்கப்புறம் அவரு மொத மொத சிரிச்சது அன்னைக்குத்தான்." நாகராசு முகத்தைத் துடைத்துக்கொண்டான். "ஒரு வாரம் விடாம ஆறு வருசமாப் போறாரு. மழையில குடையப் புடிச்சுக்கிட்டு நிப்பாரு. ஊருல இப்ப மலையாண்டின்னு யாருக்கா சொல்றா? பெரியக்காவப் பெத்தவருங்கிறாக. பஞ்சாயத்துல அவருக்குன்னு ஒரு பெஞ்சு."

"வீட்டுக்கு வான்னு ஒரு வார்த்த சொல்லாதவரு, ரேடியோவக் கேக்க பெஞ்சு போட்டுக்கிட்டாரா?"

"இப்ப வான்னு சொல்லத்தான்க்கா வந்திருக்காரு. மூணு வாரத்துக்கு முன்னாடி நீ பேசினியே... அதான், அந்தம்மா பேசுச்சே. சின்னப் புள்ளையில அப்பா தோள்ல தூக்கிக்கிட்டு சந்தைக்குக் கூட்டிப் போவாரு, இப்ப எங்க இருந்தாலும் எங்கிட்ட ஒரு வார்த்த பேச மாட்டாரான்னு. அப்பா பெஞ்சுல இருந்து எந்திருச்சுட்டாரு. அவரும் ஒன்ன அப்பிடித்தான தூக்கிட்டுப் போவாரு. மறுநா காலையில கேக்குறாரு, எம்மகளப் பாக்க எந்த பஸ்ஸுன்னு."

செவந்தி பக்கத்தில் இருந்த நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள்.

அந்த வார்த்தைகள் அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தன. அவை உண்ணாமலையின் வார்த்தைகள். உண்ணாமலையின் அப்பா கண்டிச் சீமைக்குத் தேயிலைத் தோட்டத்து வேலைக்குப் போனவர். கடிதமும் இல்லை, செத்தார் என்ற சேதியும் இல்லை. யாரும் எழுதிக் கொடுக்காமல், யாரையும் கேட்காமல் அன்றைக்கு அவளே அதைப் பேசினாள். நேரம் முடிந்து நாற்பது விநாடி ஓடியது. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்ற செவந்தி, கழுத்துக்குக் குறுக்கே கையை இழுத்து இழுத்து 'நிறுத்து, நிறுத்து' என்று காட்டினாள். உண்ணாமலை அந்தப் பக்கமே திரும்பவில்லை. பிறகு செவந்திக்கு மேலிடத்திலிருந்து மெமோ வந்தது. உண்ணாமலையைக் கூப்பிட்டு நன்றாகத் திட்டிவிட்டாள்.

அவள் பாதியில் அறுக்கப் பார்த்த பேச்சுதான் அப்பாவை ஆலங்குடிக்கு இழுத்துக்கொண்டு வந்திருக்கிறது.

"மேடையில அந்தம்மா வாயத் தொறந்தா போச்சுக்கா" என்றான் நாகராசு. "அத்தன சனத்துக்கு முன்னாடி. அவரு அப்புறம் ஊருக்குள்ள எப்பிடி நடப்பாரு?"

செவந்தி எழுந்தாள். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து செய்யாத ஒன்றை அன்றைக்குச் செய்தாள். பொய் சொன்னாள்.

"முத்துராமன், மேடை வேணாம். லவுட் ஸ்பீக்கர் ஊளை போடும். யூனியன் ஆபீஸ் ரிக்கார்டு ரூமுக்குள்ள மைக்கை வச்சிருவோம். சனங்க வெளிய குழாயில கேக்கட்டும்."

எஞ்சினியர் முத்துராமன் கையில் இருந்த வயரைக் கீழே போட்டார். "காலையில இருந்து இழுத்து வச்சிருக்கேன் செவந்தியம்மா. இப்ப சொல்றீங்க."

"சொல்றேன்ல."

அவள் குரல் அப்படி எழும்பி அவர் கேட்டதில்லை. வயரைச் சுருட்டினார்.

ஐந்து மணிக்கு ரிக்கார்டு ரூமில் பழைய காகிதக் கட்டுகளை ஒதுக்கி, நாலு நாற்காலி, நடுவில் ஒரு மைக். கதவைச் சாத்தியாயிற்று. ஜன்னலுக்குக் கண்ணாடி இருந்தது. வெளியே வெயில், உள்ளே இருட்டு. உள்ளே இருப்பவர் வெளியே பார்க்கலாம், வெளியே இருப்பவருக்கு ஒன்றும் தெரியாது. செவந்தி ஹெட்போனைக் காதில் மாட்டிக்கொண்டு ஜன்னல் ஓரமாக நின்றாள்.

அப்போதுதான் அவரைப் பார்த்தாள். முதல் வரிசையில் நடு நாற்காலி. கழுத்தில் யாரோ ரோஜா மாலை போட்டிருந்தார்கள். கையில் கலர் சோடா. இளைத்துப்போயிருந்தார். யூனியன் சேர்மன் குனிந்து அவரிடம் ஏதோ கேட்க, இடுப்புத் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு பதில் சொன்னார். இத்தனை வருடத்தில் இவ்வளவு நேரம் அப்பா முகத்தை அவள் பார்த்ததில்லை. அவர் பார்க்காததால்தான் பார்க்க முடிந்தது.

சிவப்பு விளக்கு எரிந்தது.

"வணக்கம். முற்றத்துக்கு வந்திட்டீங்களா எல்லாரும்?" என்றாள் உண்ணாமலை.

வெளியே மலையாண்டி சோடாவைக் கீழே வைத்தார். உடம்பு முன்னால் வந்தது. உதட்டில் ஒரு சிரிப்பு. ஒலிபெருக்கிக் குழாயைப் பார்த்து அவர் சிரித்த அந்தச் சிரிப்பைச் செவந்தி கடைசியாகப் பார்த்தது, எஸ்.எஸ்.எல்.சி. பாஸான அன்றைக்கு. அப்போது அவளைப் பார்த்துச் சிரித்தார். இப்போது அவளுக்கும் அவருக்கும் பத்தடி தூரம், நடுவில் ஒரு கண்ணாடி. பெற்ற மகள் இங்கே நிற்க, யாரோ ஒருத்தியின் குரலுக்கு அந்தச் சிரிப்பு போயிற்று. பொறாமையாக இருந்தது. வெட்கமில்லாமல் பொறாமைப்பட்டாள்.

பேச்சு நன்றாகத்தான் போயிற்று. பெண்பிள்ளைகள் சம்பாதிப்பதைப் பற்றி. இருபதாவது நிமிடம் கண்ணாத்தாள் திடீரென்று உண்ணாமலையின் கையைப் பிடித்தாள்.

"எங்களையே கேக்குறீங்களே பெரியக்கா. நீங்க சம்பாதிச்சு அப்பாவுக்கு வேட்டி துண்டு எடுத்துக் குடுத்தீங்களா? வெளிய முன்னாடி உக்காந்திருக்காகளே ஒங்கப்பா. ஊரே சொல்லுது. நான் வரையில பாத்துக் கும்புட்டுட்டுத்தான் வந்தேன்."

உண்ணாமலையின் முகம் வெளிறிப்போயிற்று.

செவந்திக்குத்தான் சுருக்கென்றது. எல்லாவற்றையும் மாற்றி வைத்தவள், உண்ணாமலையிடம் ஒரு வார்த்தை சொல்லி வைக்கவில்லை. இருபத்து நாலு வருடமாகக் காணாமல் போன அப்பாவுக்கு ஏங்கியவளிடம், உன் அப்பா வெளியே உட்கார்ந்திருக்கிறார் என்று ஒருத்தி சொல்லிவிட்டாள். உண்ணாமலை நாற்காலியிலிருந்து பாதி எழுந்தாள்.

மூன்று விநாடி. நாலு விநாடி. ஹெட்போனில் ஒன்றுமே இல்லை. ஊர் ஊராக ரேடியோ முன்னால் உட்கார்ந்திருப்பவர்கள் எல்லோருக்கும் ஒன்றுமே இல்லை. வெளியே மலையாண்டியின் சிரிப்பு நின்று, முகம் குழாயை நோக்கி நிமிர்ந்தது.

'அடுத்த கேள்வி' என்று எழுதியிருக்கலாம். 'பாட்டு' என்று எழுதியிருக்கலாம். அதற்கெல்லாம் சம்பளம் வாங்குகிறவள்தான். ஆனால் செவந்தியின் கை சிலேட்டில் வேறொன்றை எழுதியது. பதினொரு வருடமாக அவள் கேட்க நினைத்தது அவ்வளவுதான்.

'சாப்பிட்டீங்களா அப்பா?'

தூக்கிக் காட்டினாள். உண்ணாமலை அதைப் பார்த்தாள். மைக்கைப் பிடித்துக்கொண்டாள்.

"அப்பா... சாப்பிட்டீங்களாப்பா?"

நாடகத்தில் எத்தனையோ அப்பாக்களைக் கூப்பிட்ட குரல்தான். இது அந்தக் கூப்பிடல் இல்லை. கண்ணாத்தாளே பயந்து கையை எடுத்துவிட்டாள்.

வெளியே மலையாண்டி எழுந்து நின்றார். குழாயைப் பார்த்துக்கொண்டு ஏதோ சொன்னார். சுற்றி இருந்த சனம் சிரித்தது. அவர் உதடு அசைந்தது செவந்திக்குத் தெரிந்தது. ஜன்னல் சாத்தியிருந்தது, காதில் ஹெட்போன். என்ன சொன்னார் என்பது கேட்கவில்லை.

மீதிப் பத்து நிமிடத்தை எப்படி நகர்த்தினாள் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. சிவப்பு விளக்கு அணைந்தது. உண்ணாமலை மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். அவளிடம்தான் முதலில் போயிருக்க வேண்டும். போகவில்லை. ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டுக் கதவைத் திறந்துகொண்டு வெளியே ஓடினாள். இதற்காக அவளை யாரும் பாராட்ட வேண்டாம்.

வாசலில் நாகராசு நின்றான். அவன் கண் கலங்கியிருந்தது.

"பதில் சொன்னாருக்கா. 'சாப்பிட்டேன் ஆத்தா'ன்னாரு. சனம் பூராம் சிரிச்சுச்சு. அவரு சிரிக்கல."

பந்தலில் கூட்டம் கலைந்துகொண்டிருந்தது. மலையாண்டி மாலையைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு நின்றுகொண்டிருந்தார். செவந்தி எதிரே போய் நின்றாள். அவர்தான் கையை நீட்டி அவள் கையைப் பிடித்தார்.

"வா ஆத்தா. எளைச்சுட்டியே."

"நீங்களும்தாம்பா."

"ரேடியோவுல வேற மாதிரி கேக்குது ஒன் கொரலு. நான் சொன்னேன், ஒரு பயலும் நம்பல." கொஞ்சம் பெருமையாகச் சிரித்தார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டார். "சந்தைக்குத் தூக்கிட்டுப் போனதச் சொன்னியே அன்னைக்கு. நான் மறந்திருப்பேன்னு நெனச்ச நீ. அந்த ஒரு வார்த்தைக்குத்தான் ஆத்தா வந்தேன். வீம்ப விட்டுட்டு வந்துட்டேன். வீட்டுக்கு வா."

'சரிப்பா' என்று சொன்னால் முடிந்தது. ஆறே முக்காலுக்கு அரிமளம் பஸ். நாகராசு பின்னால் நின்று, சொல்லிவிடு சொல்லிவிடு என்று கண்ணால் கெஞ்சிக்கொண்டிருந்தான்.

அந்தக் கை காய்த்துப்போன கை. சூடாக இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு பொய் சொல்ல அவளால் முடியவில்லை. மத்தியானம் சொன்ன ஒரு பொய் உள்ளே ஒருத்தியைச் சாய்த்துப் போட்டிருக்கிறது.

"அது நான் சொல்லலப்பா."

"என்னத்தா?"

"ரேடியோவுல பேசுறது நான் இல்ல. பேசுறவங்க வேற. நான் பக்கத்துல நின்னு, எப்பப் பேசணும், எப்ப நிறுத்தணும்னு சொல்றவ. எப்பவுமே அப்பிடித்தான். ஆறு வருசமா." மூச்சு வாங்கியது. "அந்தச் சந்தைப் பேச்சு அவங்க அவங்கப்பாவ நெனச்சுப் பேசினது. அத நிறுத்தச் சொன்னதே நான்தாம்பா."

மலையாண்டி கையை விடவில்லை. ஆனால் பிடி இல்லை. பந்தலில் கட்டியிருந்த குழாயை அண்ணாந்து பார்த்தார்.

"மிசினு இல்லையா அது" என்றார்.

"இல்லப்பா."

"ரேடியோ ஒன் கையில இருந்துச்சு." அவர் குரலில் கோபம் இல்லை, அதுதான் தாங்க முடியாததாக இருந்தது. "யாரு யாரையோ கூட்டியாந்து பேச வச்சிருக்க. நான் அங்கிட்டு மழையில நின்னு கேட்டிருக்கேன். எங்கிட்டச் சொல்றதுக்கு ஒனக்கு ஒரு வார்த்த இல்லாமப் போச்சா ஆத்தா?"

"இருந்துச்சுப்பா. இன்னைக்கு..."

அவள் முடிக்கவில்லை. பின்னால் ரிக்கார்டு ரூம் கதவு படாரென்று திறந்தது. தலைமுடி கலைந்து, முகமெல்லாம் நனைந்து, உண்ணாமலை படியில் வந்து நின்றாள். கலைந்து போகிற கூட்டத்தில் ஒவ்வொரு முகமாகத் தேடினாள்.

"எங்கப்பா எங்க? வந்திருக்காருன்னு சொன்னாங்களே. எங்க உக்காந்திருக்காரு எங்கப்பா?"

பந்தலில் நடந்துகொண்டிருந்தவர்கள் அப்படியே நின்றார்கள். ஆறு வருடமாக வியாழன் தோறும் கேட்ட குரல். மலையாண்டியின் தலை நிமிர்ந்தது. செவந்தியின் கையைப் பிடித்திருந்த கை நழுவிக் கீழே இறங்கியது. அவர் முழு உடம்போடும் அந்தப் பக்கம் திரும்பினார்.

"இங்கிட்டு இருக்கேன் ஆத்தா" என்றார்.